நுன்சியாவின் வாயில் வைத்த சொல்

பதினொன்று, பன்னிரண்டு, பதிமூன்று என்று அந்த உதடுகள் எண்ணிக்கொண்டிருக்கின்றன, திரை முழுக்க ஒரே முகம், உப்பளத்து வெயிலில் கறுத்துப்போன பதினேழு வயதுப் பெண்ணின் முகம், கண்ணில் ஒரு சொட்டுத் தண்ணீர் கிடையாது, தாடை இறுகி நிற்கிறது, ஆனால் அந்த வாயிலிருந்து வருகிற குரல் அவளுடையதே இல்லை, ரோம் நகரத்து ஒலிப்பதிவுக்கூடத்தில் உட்கார்ந்துகொண்டு எவளோ ஒருத்தி கொடுத்த குரல், சரி அப்பா, உங்க மானம்தான் எனக்குப் பெரிசு, அவரையே கட்டிக்கிறேன், என்று அது குழைகிறது, பின்னால் வயலின்கள் ஒப்பாரி வைக்கின்றன, நிறுத்து, நிறுத்துடா அந்தக் கருமத்தை, என்று எர்சிலியா போட்ட சத்தத்தில் காலியாகக் கிடந்த அரங்கம் ஒரு தரம் அதிர்ந்து ஓய்ந்தது. திராப்பனி என்று சிசிலித் தீவின் மேற்குக் கரையில் ஓர் ஊர், அந்த ஊரின் பழைய தியேட்டர், அன்று சாயங்காலம் அங்கேதான் எர்சிலியா வல்லாரோ என்கிற எண்பது தாண்டிய இயக்குநருக்கு வாழ்நாள் விருது கொடுக்கப்போகிறார்கள், அவள் எடுத்த முதல் படமான ‘உப்பளம்’ புதிதாகச் சுத்தம் செய்யப்பட்டுத் திரையேறப் போகிறது, எல்லாம் சரியாக இருக்கிறதா என்று காலையிலேயே ஒரு தடவை போட்டுக் காட்டக் கூட்டி வந்திருந்தான் விழா நடத்துகிற மௌரோ.

மௌரோவுக்கு நாற்பது வயதிருக்கும், வெயில் கொளுத்துகிற ஊரில் கழுத்தில் துணி சுற்றிக்கொண்டு திரிகிறவன், சிஞோரா, ஒரு கீறல்கூட இல்லாம எடுத்திருக்கோம் பாத்தீங்களா, அந்த மூச்சுச் சத்தம்கூடத் துல்லியமா கேக்குது, என்கிறான், பெருமையில் பல்லெல்லாம் தெரிகிறது. எவ மூச்சு, என்று கேட்டாள் எர்சிலியா, அந்தப் பொண்ணு வாயில அந்தச் சொல்லை வச்சவன் தயாரிப்பாளன் பொம்பிலியோ, நான் இல்ல, அவளும் இல்ல, அவ சொன்னது மாட்டேன்னு, உனக்கு எத்தனை தடவை எழுதிப் போட்டேன், கடைசிக் காட்சியில சத்தத்தை அணைச்சிடு, ஊமையா ஓடட்டும், அது போதும் எனக்கு. மௌரோ கையைப் பிசைகிறான், வெளியான படம் இதுதானே சிஞோரா, ஜனங்க பாத்தது இதைத்தானே, இது வரலாறு, வரலாத்துல நாம கை வைக்கலாமா. ஆகா, நல்லா இருக்கு நியாயம், கை வைத்தவன் கை வைத்துவிட்டுப் போய்ச் சேர்ந்துவிட்டான், அது வரலாறு ஆகிவிட்டது, வயிறெரிந்து ஐம்பது வருஷமாகக் கத்துகிறவள் மட்டும் வரலாற்றைக் கெடுக்க வந்தவள். அவளுக்கு எழுந்து அவன் கழுத்துத் துணியைப் பிடித்து ஒரு முறுக்கு முறுக்கலாமா என்றுகூட இருந்தது, முட்டி ஒத்துழைக்கவில்லை, உட்கார்ந்தபடியே கைத்தடியால் முன்வரிசை நாற்காலியை ஓங்கி ஒரு அடி அடித்தாள்.

அந்தச் சத்தம், அது கிளாப் பலகை அடிக்கிற சத்தம் மாதிரியே இருக்க, அவள் ரோமில் இருக்கிறாள், இருபத்திரண்டு வயது, கத்தானியா ஊர்த் தையற்காரர் மகள், சினிமா எடுக்கப்போகிறேன் என்று ரயிலேறி வந்தவளை, உனக்கு நல்ல ஞாபகசக்தி இருக்கும்மா, என்று கன்டினியூட்டி பார்க்க உட்கார வைத்துவிட்டார்கள், போன ஷாட்டில் கதாநாயகன் சட்டையில் எந்தப் பொத்தான் திறந்திருந்தது, சிகரெட் எந்தக் கையில் இருந்தது, எவ்வளவு எரிந்திருந்தது, பார்த்துக்கொண்டே இரு, வாயைத் திறக்காதே, அதுதான் வேலை, பெண்பிள்ளைக்குக் கொடுக்கிற வேலை அது ஒன்றும் துணி தைக்கிறதும்தான். அவள் பார்த்துக்கொண்டே இருக்கிறாள், பெரிய பெரிய இயக்குநர்கள் என்று மாலை போட்டுக்கொண்டவர்கள் மத்தியான நேரத்தில் மெல்ல வந்து, எர்சிலியா, இந்தக் காட்சியை எப்படி முடிச்சா நல்லாயிருக்கும், என்று காதோரம் கேட்பார்கள், அவள் சொல்வாள், அவர்கள் திரும்பிப் போய், எனக்கு ஒண்ணு தோணுது, என்று எல்லோருக்கும் கேட்கிற மாதிரி ஆரம்பிப்பார்கள், அட வெட்கங்கெட்டவர்களா, முகத்தைக்கூடத் திருப்பிக்கொள்ள மாட்டார்கள். அப்படி எத்தனை படங்கள், எழுத்து ஓடும்போது அவள் பேர் ஒப்பனைக்காரருக்கும் வண்டி ஓட்டுநருக்கும் நடுவில் வந்து, படிப்பதற்குள் போய்விடும், அம்மா ஊரில் அதைப் பார்க்க டிக்கெட் எடுத்துக் காத்திருந்துவிட்டு, எங்கடி வந்துச்சு உன் பேரு, என்று கேட்பாள்.

பொம்பிலியோ வந்தது அதற்கப்புறம், கொம்மெந்தாத்தோரே என்று எல்லோரும் குனிந்து கூப்பிடுகிற தயாரிப்பாளர், மோதிரக் கையும் சுருட்டுமாக, கண்ணு, ஒரு பொம்பளை எடுத்த படம்னா பத்திரிகைக்காரன் தானா வருவான், நீ ஒண்ணு எடு, என்று சொன்னபோது எர்சிலியாவுக்கு மகிழ்ச்சியில் தலைகால் புரியவில்லை, அவன் சொன்ன விதத்தில் இருந்த கேவலம்கூட உறைக்கவில்லை, அவ்வளவு பசி. அவளிடம் கதை தயாராக இருந்தது, அன்றைக்கு இத்தாலியில் ஒரு சட்டம் இருந்தது, கேட்டால் ரத்தம் கொதிக்கும், ஒரு பெண்ணைத் தூக்கிக்கொண்டுபோய்க் கெடுத்தவன் அவளையே கட்டிக்கொண்டால் குற்றம் கிடையாது, கேஸ் கிடையாது, கழுவித் துடைத்த மாதிரி ஆகிவிடும், ஊரும் பாதிரியாரும் அப்பன்மாரும் சேர்ந்து அந்தப் பெண்ணை அவன் வீட்டிலேயே கொண்டுபோய் விட்டுவிட்டு மானம் திரும்பிவிட்டது என்று மது ஊற்றிக் குடிப்பார்கள். எர்சிலியாவின் கதையில் உப்பளத்துக் கூலியின் மகள் அதற்கு மாட்டேன் என்கிறாள், அவ்வளவுதான் கதை, ஒரு பெண் மாட்டேன் என்கிறாள்.

அந்தப் பெண்ணாக நடிக்க நடிகை வேண்டாம் என்று அவள் ஒற்றைக்காலில் நின்று, திராப்பனி உப்பளத்தில் கூடை சுமந்துகொண்டிருந்த நுன்சியாவைக் கண்டுபிடித்தாள், தலையில் துணி கட்டி, முழங்கால் வரை உப்பு பூத்து, யாரையும் நேராகப் பார்க்கிற பெண். படிக்கத் தெரியாது, வசனத் தாளை நீட்டினால் சிரிப்பாள், கதையைச் சொன்னதும், சரி சிஞோரா, நான் பேசிக் காட்டட்டுமா, என்று உப்புக் குவியல் மேல் ஏறி நின்றுகொண்டு அப்பனைப் பார்த்துக் கேட்கிற மாதிரி கேட்டாள், கழுதையத் திருடினவனுக்குக் கயித்தையும் சேத்துக் குடுப்பீங்களாப்பா, நான் கழுதைகூட இல்லையேப்பா. எர்சிலியாவுக்கு மயிர்க்கூச்செறிந்தது, எந்த எழுத்தாளன் எழுதிவிடுவான் இப்படி, அவள் தான் எழுதி வைத்திருந்த அலங்கார வசனத்தை அங்கேயே கிழித்து உப்புத் தண்ணீரில் போட்டாள், காற்று அடிக்கிறது, காற்றாலையின் துணி இறக்கைகள் படபடவென்று சுற்றுகின்றன, நுன்சியா சிரிக்கிறாள், நல்லாருந்துச்சா சிஞோரா, நல்லாருந்துச்சாவா, அடி என் தங்கமே.

பிறகு அந்த நாள் வருகிறது, அது வராமலேயே இருந்திருக்கலாம், கடைசிக் காட்சி எடுக்கிற நாள், வேடிக்கை பார்க்க ஊரே உப்பளத்து வரப்பில் வந்து நிற்கிறது, ஆண்கள், எல்லாம் ஆண்கள், தொப்பியும் கையிடுக்கில் கோட்டுமாக, அவர்களுக்கு நடுவே நுன்சியாவின் அப்பன், உப்பளத்தைப் பத்தின படம் என்று சொல்லித்தான் அவரிடம் சம்மதம் வாங்கியிருந்தது, அந்தக் கழுதை வாக்கியத்தை அந்தப் பெண் அவர்கள் முன்னால் வாய்விட்டுச் சொன்னால் கேமராவையும் சேர்த்துக் கடலில் தூக்கிப் போட்டுவிடுவார்கள். கேமராக்காரர்தான் சொன்னார், எதுக்கும்மா வம்பு, எண்ணச் சொல்லு. அந்தக் காலத்து இத்தாலியப் படப்பிடிப்பில் குரலைப் பதிவு செய்கிற வழக்கமே கிடையாது, ஒருத்தன் பிரெஞ்சு பேசுவான், ஒருத்தி ஜெர்மன் பேசுவாள், வசனம் வராதவர்களை ஒன்று இரண்டு மூன்று என்று எண்ணச் சொல்லிவிடுவார்கள், உதடு அசைந்தால் போதும், வார்த்தையை ரோமில் போய் ஒட்டிக்கொள்ளலாம், எர்சிலியாவுக்கு அது மூச்சு விடுகிற மாதிரிப் பழகிப்போன விஷயம். அவள் நுன்சியாவின் காதில் சொன்னாள், மனசுக்குள்ள அந்த வாக்கியத்தை நினைச்சுக்கோ, வெளியில எண்ணு, ஊர்க்காரனுக்கு எண்தான் கேக்கும், அப்புறம் தியேட்டர்ல உக்காந்து மொத்த இத்தாலியும் உன் சொல்லைக் கேக்கட்டும். அப்ப என் சொல்லு அதுவரைக்கும் எங்க இருக்கும் சிஞோரா, என்று கேட்டாள் நுன்சியா, என்கிட்ட இருக்கும், பத்திரமா இருக்கும், என்றாள் எர்சிலியா. கேமரா ஓடியது, நுன்சியா எண்ணினாள், நெருப்பு மாதிரி எண்ணினாள், வரப்பில் நின்றவர்கள் சிரித்தார்கள், சந்தையில மீன் எண்ணுறா பாரு, என்று ஒருத்தன் கத்தினான்.

பத்திரமாம், என்ன பத்திரம், எர்சிலியா ரோமுக்குத் திரும்பிய வாரமே அவள் அம்மா கத்தானியாவில் படுத்துவிட்டாள், அவள் ஆஸ்பத்திரிக்கும் வீட்டுக்குமாக அலைந்துகொண்டிருந்தபோது, நீ அம்மாவைப் பாரு கண்ணு, மத்ததை நான் பாத்துக்கறேன், என்று தந்தி அடித்தான் பொம்பிலியோ, பார்த்துக்கொண்டான், நன்றாகவே பார்த்துக்கொண்டான். தெற்கே பாதித் தியேட்டர்கள் தேவாலயத்துக்காரர்கள் நடத்துவது, மாட்டேன் என்கிற பெண்ணை அவர்கள் திரையில் விடமாட்டார்கள், அதனால் என்ன, அந்தப் பெண் வாயில் இருப்பது வெறும் எண்கள்தானே, எந்தச் சொல்லை வேண்டுமானாலும் ஒட்டலாம், அவள் மாட்டேன் என்றுதான் சொல்கிறாள் என்று அந்த உதடுகளைப் பார்த்து எவன் சொல்ல முடியும். திராப்பனியிலேயே முதல் காட்சி வைத்தார்கள், இதே தியேட்டர், எர்சிலியாவுக்குப் பக்கத்தில் நுன்சியா, புதுச் செருப்பு கடிக்கிறது என்று கழற்றி மடியில் வைத்துக்கொண்டிருக்கிறாள், கடைசிக் காட்சி வருகிறது, இப்ப வரும் பாரு, என்று எர்சிலியா அவள் கையைப் பிடித்து அழுத்துகிறாள், வந்தது, சரி அப்பா, உங்க மானம்தான் எனக்குப் பெரிசு. எர்சிலியாவின் கைக்குள் இருந்த கை மெல்ல உருவிக்கொண்டது. அரங்கமே எழுந்து நின்று கைதட்டுகிறது, நுன்சியாவின் அப்பன் அழுகிறார், யார் யாரோ அவரைக் கட்டிக்கொள்கிறார்கள், நுன்சியா திரையைப் பார்த்துக்கொண்டே செருப்பைப் போட்டுக்கொள்கிறாள், அது நான் இல்ல சிஞோரா, என்று மட்டும் சொன்னாள்.

ரோமில் பொம்பிலியோவின் மேஜைமேல் இருந்த சாம்பல் தட்டை எடுத்து எர்சிலியா சுவரில் அடித்தாள், அவன் சிரிக்கிறான், பைத்தியக்காரி, பேப்பர் பாத்தியா இன்னிக்கு, என்று நீட்டுகிறான், ஒரு பெண் இயக்குநரால் மட்டுமே காட்ட முடிந்த கனிவு, தாய்மையின் மன்னிப்பு, என்று அதில் பெரிய எழுத்தில் போட்டிருக்கிறது, உன்னைத் தூக்கி எங்கயோ வச்சிட்டாங்க, சும்மா வாயை மூடிக்கிட்டு வாங்கிக்கோ. அவள் கோர்ட்டுக்குப் போனாள், அங்கே இன்னும் கூத்து, ஒப்பந்தப்படி குரல் சேர்க்கிற உரிமை தயாரிப்பாளருக்கே என்று வக்கீல் படிக்கிறான், அப்படியானால் அசலில் அந்தப் பெண் என்னதான் சொல்கிறாள் என்று நீதிபதி கேட்க, உதட்டசைவு படிக்கத் தெரிந்த ஒருத்தரைக் கூட்டி வந்து திரை முன்னால் உட்கார வைத்தார்கள், அவர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, பதினொன்று, பன்னிரண்டு, பதிமூன்று, என்று சத்தமாகப் படித்தார். நீதிபதி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார், அப்போ சிஞோரா, உங்க கதாநாயகி கல்யாணம் வேண்டாங்கறதுக்குப் பதிலா கணக்குப் பாடம் ஒப்பிக்கிறாளா, கோர்ட் முழுக்கச் சிரிப்பு, அந்தச் சிரிப்பை எர்சிலியா இன்றைக்கும் குளிக்கும்போது, சாப்பிடும்போது, பேருந்துக்கு நிற்கும்போது கேட்கிறாள், எல்லா நாற்காலியிலும் ஆண்கள் உட்கார்ந்து சிரிக்கிறார்கள்.

ஆனால் அதெல்லாம் அவளுடைய பாடு, தொலையட்டும், அடுத்த கோடையில் வந்த சேதிதான் அவளை உட்கார வைத்துவிட்டது, உப்பளத்து மேஸ்திரி மகன் கலோஜெரோ, பல மாதமாகப் பின்னால் சுற்றியவன், நுன்சியாவை வேலை முடிந்து வரும் வழியில் லாரியில் ஏற்றிக்கொண்டு போய்விட்டான், ஒரு வாரம் கழித்துத்தான் விட்டான், வீட்டுக்கு வந்தவளைப் பார்த்து அப்பன் கேட்டது என்ன தெரியுமா, மொத்த இத்தாலிக்கும் முன்னாடி சரி அப்பான்னு சொன்னியே, இப்ப மட்டும் என்ன. சினிமாவில் நடித்தவளுக்குத் தெரியாதா என்றது ஊர், அவளே சொன்னதுதானே என்றார்கள் அத்தைமார், ஊர் எழுவதற்குள், விடியற்காலையில், அந்தக் கலோஜெரோவுக்கே அரைமணி நேரத்தில் கல்யாணத்தை முடித்துவிட்டார்கள். எர்சிலியா ரயிலேறி ஓடினாள், கதவு திறக்கவில்லை, மாடி ஜன்னலில் இருந்து அப்பன் எட்டிப்பார்த்து, வந்துட்டியா, இன்னொரு படம் எடுக்கவா, என்று கேட்டுவிட்டு ஜன்னலைச் சாத்தினார்.

அதற்குப் பிறகு அவளுக்கு வந்த வாய்ப்பெல்லாம் மன்னிக்கிற பெண்களின் கதைகள், குடிகாரப் புருஷனை மன்னிக்கிறவள், ஓடிப்போனவனை மன்னிக்கிறவள், இந்த மாதிரி உங்களை விட்டா யாரு மேடம் எடுப்பா, என்று கட்டுக்கட்டாகக் கொண்டுவந்து வைத்தார்கள், அத்தனையையும் தூக்கி எறிந்தாள், எறிந்தவளுக்குக் கோபக்காரி என்று பேர், கோபக்காரிக்கு எவன் படம் கொடுப்பான், சோப்பு விளம்பரம் எடுத்தாள், மில் பெண்கள் வேலை நிறுத்தத்தைப் பற்றி ஒரு படம் எடுத்தாள், அதை எவனும் வாங்கவில்லை, பிரசவ ஆஸ்பத்திரிகளைப் பற்றித் தொலைக்காட்சிக்கு ஒரு தொடர், அதில் டாக்டர்கள் திட்டுவதைக் காட்டினாள் என்று பாதியில் நிறுத்தினார்கள், கெடுத்தவனே கட்டிக்கொண்டால் போதும் என்ற அந்தச் சட்டத்தையே வெகுகாலம் கழித்துக் கிழித்துப் போட்டார்கள், அப்போதும் ஒரு பத்திரிகைக்காரன் போன் செய்து, மன்னிப்பைப் பாடிய இயக்குநர் இதைப்பற்றி என்ன நினைக்கிறார், என்று கேட்டான், அவனுக்கு அவள் கொடுத்த பதிலை அச்சில் போட முடியாது. கிழவியான பிறகு ஊரெல்லாம் அழைக்கிறது, பெண் இயக்குநர்களின் முன்னோடி என்று சால்வை போர்த்துகிறார்கள், போர்த்திவிட்டுப் போட்டுக் காட்டுவது அந்த ஒரு படத்தைத்தான், அந்த ஒரு காட்சியைத்தான்.

தியேட்டரிலிருந்து வெளியே வந்தவளை மத்தியான வெயில் அறைந்தது, ஓட்டலுக்குப் போகலாம் சிஞோரா, என்ற மௌரோவை உதறிவிட்டு அவள் நுன்சியாவின் வீட்டுக்கு டாக்ஸி வைத்துக்கொண்டு போனாள், ஐம்பது வருஷத்தில் எத்தனையோ தடவை தட்டியும் திறக்காத கதவு, இந்தத் தடவை திறந்தது கலோஜெரோவே, வழுக்கைத் தலை, கறுப்புக் கண்ணாடி, வாங்க வாங்க, டைரக்டரம்மா, என்று வாயெல்லாம் பல்லாக உட்காரச் சொன்னான், சுவரில் பட போஸ்டரைச் சட்டம் போட்டு மாட்டியிருக்கிறான் பாவி, எம் பொண்டாட்டி சினிமாக்காரியாக்கும்னு இந்த வட்டாரத்துல தெரியாதவன் கிடையாது, சாயங்காலம் நாங்க குடும்பத்தோட வர்றோம், பசங்ககூட வர்றாங்க, முன்வரிசை போட்டிருக்காங்க எங்களுக்கு, என்கிறான். எர்சிலியா எழுந்து சமையலறைக்குள் போனாள். நுன்சியா மத்தி மீனை விரலாலேயே பிளந்து முள்ளை உருவிக்கொண்டிருந்தாள், முடி முழுக்க வெள்ளை, அதே தாடை, நிமிர்ந்து பார்த்தாள், வயசாயிடுச்சு சிஞோரா உங்களுக்கு, என்றாள்.

எர்சிலியா கொட்டித் தீர்த்தாள், அந்தக் காட்சியில் சத்தத்தை நிறுத்தக் கேட்டது, மௌரோ மறுத்தது, வரலாறு என்றது, எல்லாவற்றையும், நுன்சியா மீனை விட்டுக் கையை எடுக்காமல் கேட்டுக்கொண்டிருந்தாள், பிறகு சொன்னாள், நீங்க எண்ணச் சொன்னீங்க, எண்ணினேன், நல்ல வித்தை அது, எனக்கு ரொம்ப உதவுச்சு. லாரியில எண்ணினேன். கோயில்ல பாதிரியார் சம்மதமான்னு கேட்டாரு, சம்மதம்னு நான் சொல்லவே இல்ல சிஞோரா, வாய்க்குள்ளயே எண்ணினேன், உதடு அசைஞ்சுது, அவருக்கு அது போதுமா இருந்துச்சு. அப்புறம் ராத்திரிங்கள்ல. ரெண்டு பிள்ளை பெத்தப்ப. அவள் குரல் உயரவே இல்லை, கூடத்தில் கலோஜெரோ தொலைக்காட்சிச் சத்தத்தைக் கூட்டினான். ஏன் வெளிய வரல, ஏன் ஒரு வார்த்தை எனக்கு எழுதல, என்று எர்சிலியா கேட்டுவிட்டாள், கேட்டிருக்கக் கூடாது. எழுதவா, என்றாள் நுன்சியா, உங்களுக்குப் பேர் வாங்கிக் குடுத்ததே படத்துல சரின்னு சொன்ன அந்தப் பொண்ணுதானே, ஊர் ஊரா அவளைக் கூட்டிக்கிட்டுப் போய்க் காட்டினீங்களே, நீங்க ஏன் ஒரு தடவையாவது போகாம இருக்கல. மீன் முள் விரலில் ஏறிவிட்டது, அவள் அதை வாயில் வைத்து உறிஞ்சினாள், கிளம்புங்க சிஞோரா, சாயங்காலம் பாக்கலாம், என்றாள். டாக்ஸியில் திரும்புகிற வழி நெடுக, அத்தனை கோபமும் இப்போது யார்மேல் என்று எர்சிலியாவுக்கே விளங்கவில்லை, பொம்பிலியோமேல், நீதிபதிமேல், கலோஜெரோமேல், தன்மேலும்தான்.

சாயங்காலம் தியேட்டர் நிரம்பி வழிகிறது, மேயர் மூவர்ணப் பட்டை சாத்திக்கொண்டு பேசுகிறார், கண்ணாடியில் செய்த உப்புக் குவியல் ஒன்றை விருதென்று கையில் திணிக்கிறார்கள், ரெண்டு வார்த்தை மட்டும் போதும் சிஞோரா, விரிவா படம் முடிஞ்சு பேசலாம், என்று மௌரோ காதில் ஓதி மைக்கைக் கொடுக்கிறான், அவள் நன்றி என்று ஒரே வார்த்தை சொல்லிவிட்டு மைக்கோடு இறங்கி வந்து உட்கார்ந்துவிட்டாள், பாவம் கிழவிக்கு மறதி என்று அவனும் விட்டுவிட்டான். அவளுக்கு இந்தப் பக்கம் நுன்சியா, நாயகியை இயக்குநர் பக்கத்தில் உட்கார வைத்தது மௌரோவின் ஏற்பாடு, நுன்சியாவுக்கு அந்தப் பக்கம் கலோஜெரோ, அவனுக்கு அப்புறம் இரண்டு பிள்ளைகளும் மருமகள்களும், விளக்கு அணைகிறது, உப்பளம் வெள்ளை வெளேரென்று திறக்கிறது, கறுத்த முகங்கள், கூடைகள், காற்றாலை, யாரோ பெருமூச்சு விடுகிறார்கள், எர்சிலியா மைக்கின் பொத்தானைத் தடவிக்கொண்டே இருக்கிறாள், அந்தக் கழுதை வாக்கியத்தை அவள் எத்தனையோ வருஷமாகக் கண்ணாடி முன்னால் நின்று சொல்லிப் பார்த்திருக்கிறாள், நுன்சியாவின் ஊர்ப் பேச்சிலேயே, அதே இழுவையோடு, இன்றைக்குத் தானே அதைச் சொல்லிவிடுவது, இந்தத் தியேட்டரின் ஸ்பீக்கர்கள் அத்தனையிலும் சொல்லிவிடுவது, அந்தத் தேன் குரலை அமுக்கிச் சாகடித்துவிடுவது.

அந்த முகம் வருகிறது, திரை கொள்ளாத முகம், தாடை, உதடு அசைகிறது, பதினொன்று, எர்சிலியா பொத்தானை அழுத்தி மைக்கை வாயருகே கொண்டுபோகிறாள், மூச்சை இழுக்கிறாள், அப்போது மத்தி மீன் வாசம் அடிக்கிற ஒரு கை குறுக்கே வந்து அந்த மைக்கைப் பறித்தது, குடுங்க இங்க, நீங்க எத்தனை வாட்டிதான் என் வாயில பேசுவீங்க, என்று நுன்சியா சொன்னது அரங்கம் முழுவதும் கேட்டது. சரி அப்பா, உங்க மானம்தான், என்று ரோமிலிருந்து வந்தவள் ஆரம்பிக்கிறாள், நுன்சியா எழுந்து நிற்கிறாள், உங்க மானம் போச்சுன்னா நீங்களே போய் அவனைக் கட்டிக்கங்கப்பா, என்கிறாள், அடித்தொண்டையிலிருந்து, அவனுக்கு நீங்களே சோறாக்கிப் போடுங்க, நீங்களே படுங்க அவன்கூட, உங்க வயித்துல பிள்ளையைச் சுமங்க, நான் மாட்டேன். கழுதையும் இல்லை, கயிறும் இல்லை, எர்சிலியா கண்ணாடி முன்னால் சொல்லிப் பழகிய ஒரு எழுத்துகூட அதில் இல்லை, ஆனால் திரையில் பதினேழு வயது உதடுகள் அதற்கென்றே அசைகின்றன, ஒவ்வொரு அசைவும் பொருந்துகிறது. பின்வரிசையில் ஒரு பெண் உரக்கச் சிரித்தாள், இன்னொருத்தி சிரித்தாள், கலோஜெரோ நுன்சியாவின் நரம்பு புடைத்த கையைப் பிடித்து இழுக்கிறான், உக்காருடி, மானத்தை வாங்காத, பிள்ளைங்க பாக்குது, என்கிறான், பாக்கட்டும், என்றாள் அவள் மைக்கிலேயே, அவங்களுக்கும்தான் சொல்றேன். படம் முடிந்து எழுத்து ஓடுகிறது, எர்சிலியாவின் பேர் முதலில், பெரிதாக, வந்து போகிறது, அவள் அதைப் பார்க்கவில்லை. மௌரோ குனிந்தபடியே ஓடி வந்து அவள் முட்டியருகே மண்டியிட்டு, சிஞோரா, ஐயோ சிஞோரா, மைக்கை வாங்குங்க, மேயர் இருக்காரு, என்று கெஞ்சுகிறான், நுன்சியா இப்போது லாரியைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருக்கிறாள், எந்த நிறம், எந்தத் திருப்பம், உள்ளே யார் யார் இருந்தார்கள், பேர் பேராக. மைக் என்கிட்ட இல்லப்பா, என்றாள் எர்சிலியா, அது அவகிட்ட இருக்கு, வேணும்னா அவகிட்டப் போய்க் கேளு.